டிஎல்எல் ஃபைலைக் காணோம் என்று விண்டோஸ் சொன்னால்

அண்ணன் மகள் திருச்சியில் கல்லூரி விடுதியில் இருக்கிறாள். ராத்திரி பத்து மணிக்குப் போன். "சித்தப்பா, ஒரு பெட்டி வருது. ஓகே அமுக்கினா போயிடுது. ஆனா சாஃப்ட்வேர் திறக்கவே மாட்டேங்குது." பெட்டியில் என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டேன். "ஏதோ டிஎல்எல்னு இருக்கு. முழுசாப் படிக்கலையே."

படித்திருந்தால் பாதி வேலை அங்கேயே முடிந்திருக்கும். மறுபடி திறக்கச் சொல்லி, எழுத்து எழுத்தாக வாசிக்க வைத்தேன். எம்எஸ்விசிபி140.டிஎல்எல் கிடைக்கவில்லை, அதனால் மேற்கொண்டு இயங்க முடியாது, மென்பொருளை மறுபடி இன்ஸ்டால் செய்தால் சரியாகலாம் என்று ஆங்கிலத்தில் இருந்தது. விண்டோஸ் கணினி வைத்திருக்கும் எல்லோரும் என்றைக்காவது பார்க்கப்போகிற பெட்டிதான். அன்றைக்கு என்ன செய்வது என்பதைப் போனில் அவளுக்குச் சொன்ன வரிசையிலேயே இங்கே எழுதுகிறேன். ஃபைல் பெயர்களையும் கட்டளைகளையும் வாயால் சொல்வது போலத் தமிழிலேயே எழுதியிருக்கிறேன். உங்கள் திரையில் அவை ஆங்கில எழுத்தில் இருக்கும்.

காணாமல் போனது என்ன?

கல்யாணச் சமையலுக்கு வருகிற சமையல்காரர் கரண்டி, கத்தி, மசாலாப் பெட்டி எல்லாம் கொண்டுவருவார். அண்டாவைத் தூக்கிக்கொண்டு வர மாட்டார். அது மண்டபத்தில் இருக்கும் என்ற நம்பிக்கை. மென்பொருளும் அப்படித்தான். கணக்குப் போடுவது, எழுத்துகளைக் கையாள்வது, படம் வரைவது போன்ற எல்லோருக்கும் தேவையான வேலைகளை ஒவ்வொரு மென்பொருளும் தனித்தனியாகச் சுமந்து வருவதில்லை. அந்த வேலைகளைச் செய்யும் பொதுத் துண்டுகள் கணினியில் ஒரு இடத்தில் இருக்கும், தேவைப்படும் மென்பொருள் எல்லாம் எடுத்துப் பயன்படுத்திக்கொள்ளும். அந்தத் துண்டுகளுக்குத்தான் விண்டோஸில் டிஎல்எல் என்று பெயர். விரித்துச் சொன்னால் டைனமிக் லிங்க் லைப்ரரி.

மண்டபத்தில் அண்டா இல்லையென்றால் சமையல்காரர் அடுப்பே பற்ற வைக்க மாட்டார். அந்தப் பெட்டி சொல்வது அவ்வளவுதான். கணினி கெட்டுப்போகவில்லை, மென்பொருளும் பெரும்பாலும் கெட்டுப்போயிருக்காது.

அண்டா ஏன் இல்லாமல் போகிறது? நான் பார்த்தவரை முக்கியமான காரணம், மென்பொருளை முறையாக இன்ஸ்டால் செய்யாமல் ஃபோல்டரை மட்டும் காப்பி அடித்து வருவது. ஒருவர் கணினியில் புரோகிராம் ஃபைல்ஸ் ஃபோல்டருக்குள் இருப்பதைப் பெண்டிரைவில் ஏற்றி, இன்னொருவர் கணினியில் போடுவார்கள். முறையான செட்டப் ஃபைலாக இருந்தால், தனக்கு வேண்டிய பொதுத் துண்டுகளையும் கூடவே வைத்துவிட்டுப் போகும். ஃபோல்டர் காப்பி அதைச் செய்யாது. என் அண்ணன் மகளும் தோழியிடமிருந்து பெண்டிரைவில்தான் வாங்கியிருந்தாள்.

இன்னொரு காரணம் கொஞ்சம் சிரிப்பாக இருக்கும். இன்ஸ்டால் ஆன மென்பொருள்களின் பட்டியலைத் திறந்தால் மைக்ரோசாஃப்ட் விஷுவல் சி பிளஸ் பிளஸ் என்ற பெயரில் எட்டு, பத்து வரிகள் இருக்கும். 2008, 2010, 2013 என்று வருடம் வருடமாக, ஒவ்வொன்றும் இரண்டிரண்டாக. "இத்தனை எதுக்கு, ஒண்ணு போதாதா" என்று பழையதை எல்லாம் அன்இன்ஸ்டால் செய்துவிடுவார்கள். மறுநாள் மூன்று மென்பொருள் திறக்காது. அந்த வரிகளைத் தொடாதீர்கள். ஒவ்வொன்றையும் ஏதோ ஒரு மென்பொருள் நம்பிக்கொண்டிருக்கிறது.

முதலில் செய்யக்கூடாதது

பெட்டியில் இருக்கும் ஃபைல் பெயரை அப்படியே தேடுபொறியில் போடுவதுதான் எல்லோருக்கும் தோன்றும் முதல் யோசனை. போட்டவுடன் "இந்த டிஎல்எல்லை இலவசமாக டவுன்லோடு செய்யுங்கள்" என்று வரிசையாகத் தளங்கள் வரும். ஒற்றை ஃபைலாகக் கொடுப்பார்கள். விண்டோஸ் தன் சொந்த ஃபைல்களை வைத்திருக்கும் சிஸ்டம்32 ஃபோல்டரில் போடு என்பார்கள்.

அந்த வழியில் போகாதீர்கள். அந்த ஃபைலை அங்கே ஏற்றியவர் யார், உள்ளே எதையாவது சேர்த்திருக்கிறாரா என்று உங்களால் சொல்ல முடியாது. டிஎல்எல் என்பது ஓடக்கூடிய நிரல். அதை ஏற்றுகிற மென்பொருளுக்கு என்னென்ன அனுமதி உண்டோ அத்தனையும் அதற்கும் உண்டு. நல்ல ஃபைலாகவே இருந்தாலும் இன்னொரு சிக்கல்: இவை தனியாக வாழ்வதில்லை. எம்எஸ்விசிபி140 வந்தால் அடுத்து விசிரன்டைம்140 இல்லை என்று பெட்டி வரும், அதைப் போட்டால் விசிரன்டைம்140_1 இல்லை என்று வரும். பதிப்பும் ஒன்றுக்கொன்று ஒத்துப்போக வேண்டும்.

நான் இதைச் சொல்லி முடிப்பதற்குள் போனில் ஒரு மௌனம். "சித்தப்பா... நான் ஏற்கெனவே ஒண்ணு டவுன்லோடு பண்ணிப் போட்டுட்டேன். இப்ப வேற பெட்டி வருது." சரி, அதற்கும் வழி இருக்கிறது. பின்னால் வருகிறேன்.

பெயரைப் பார்த்துத் தொகுப்பைக் கண்டுபிடிப்பது

பெட்டி வந்ததும் மூடாதீர்கள். மொபைலில் ஒரு படம் எடுத்துக்கொள்ளுங்கள், அல்லது விண்டோஸ், ஷிஃப்ட், எஸ் மூன்று விசையையும் சேர்த்து அமுக்கி ஸ்கிரீன்ஷாட் எடுங்கள். இரண்டு விஷயம் வேண்டும். பெட்டியின் தலைப்பில் எந்த மென்பொருளின் பெயர் இருக்கிறது, நடுவில் எந்த ஃபைலின் பெயர் இருக்கிறது. ஒரு எழுத்து, ஒரு எண் பிசகினாலும் வேறு ஃபைல் ஆகிவிடும்.

அந்தப் பெயரே அது எந்தக் குடும்பம் என்று காட்டிக்கொடுக்கும். நாம் தேட வேண்டியது அந்தக் குடும்பத்தை மொத்தமாக இன்ஸ்டால் செய்கிற தொகுப்பை. ஒற்றைப் பிள்ளையைத் தேடி அலைய வேண்டியதில்லை.

எம்எஸ்விசிபி, எம்எஸ்விசிஆர், விசிரன்டைம் என்று தொடங்கினால் அது விஷுவல் சி பிளஸ் பிளஸ் குடும்பம். இதற்கான தொகுப்பின் பெயர் விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள். புதியவர்கள் சந்திக்கும் பெட்டிகளில் பெரும்பாலானவை இந்த வகைதான். பெயரின் கடைசியில் இருக்கும் எண் எந்த வருடத் தொகுப்பு என்று சொல்லும். 80 என்றால் 2005, 90 என்றால் 2008, 100 என்றால் 2010, 110 என்றால் 2012, 120 என்றால் 2013. 130 கிடையாது, 12ஆம் பதிப்புக்கு அப்புறம் மைக்ரோசாஃப்ட் நேராக 14க்குத் தாவிவிட்டது. 140 என்று இருந்தால் 2015இல் தொடங்கி 2017, 2019, 2022 வரை எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே தொகுப்பு. புதியதைப் போட்டால் அந்த நான்குக்கும் போதும். ஆனால் அது 2013க்கும் அதற்கு முந்தியதற்கும் உதவாது. 120 கேட்கிற மென்பொருளுக்கு 2013 தொகுப்பையே போட வேண்டும். "புதுசுதான் போட்டேனே, ஏன் இன்னும் கேக்குது" என்று குழம்புபவர்கள் இங்கேதான் சறுக்குகிறார்கள்.

டி3டிஎக்ஸ்9_43, எக்ஸ்இன்புட்1_3, எக்ஸ்ஆடியோ2_7 மாதிரியான பெயர்கள் டைரக்ட்எக்ஸ் குடும்பம். பழைய விளையாட்டுகள் கேட்கும். "என் விண்டோஸில் டைரக்ட்எக்ஸ் 12 இருக்கிறதே" என்பீர்கள். இருக்கிறது, ஆனால் பழைய டைரக்ட்எக்ஸ் 9 காலத்து உபரித் துண்டுகள் அதில் வருவதில்லை. அவற்றுக்கு 2010 ஜூன் மாதத் தேதியிட்ட ஒரு தனித் தொகுப்பு உண்டு. இத்தனை வருடம் கழித்தும் அதுதான் மருந்து.

டாட்நெட் (இதுவும் மைக்ரோசாஃப்டின் ஒரு பொதுத் துண்டுத் தொகுப்புதான்) வேண்டும் என்று பெட்டி வந்தால் வேலை சுலபம். 3.5 பதிப்பு என்றால் விண்டோஸே ஒரு பட்டனைக் காட்டி டவுன்லோடு செய்யட்டுமா என்று கேட்கும், சரி என்றால் முடிந்தது. பட்டன் வராவிட்டால் ஸ்டார்ட் மெனுவில் "விண்டோஸ் ஃபீச்சர்ஸ்" என்று தேடி, வரும் பட்டியலில் டாட்நெட் 3.5க்கு டிக் போடுங்கள். புதிய டாட்நெட் டெஸ்க்டாப் ரன்டைம் கேட்டால் எந்த எண்ணைக் கேட்கிறதோ அதே எண்ணைப் போடுங்கள். 6 கேட்பதற்கு 8ஐப் போட்டால் பெரும்பாலும் ஏற்றுக்கொள்ளாது.

எம்எஃப்பிளாட்.டிஎல்எல் என்று வந்தால் உங்கள் விண்டோஸ் அநேகமாக "என்" பதிப்பு. பாட்டு, வீடியோ ஓட்டும் பகுதிகள் நீக்கப்பட்டு வருகிற பதிப்பு அது. செட்டிங்ஸில் ஆப்ஷனல் ஃபீச்சர்ஸ் என்று தேடி, மீடியா ஃபீச்சர் பேக்கைச் சேர்த்தால் சரியாகும். வல்கன்-1, ஓப்பன்சிஎல், என்விகூடா போன்றவை கிராஃபிக்ஸ் டிரைவரோடு, அதாவது திரையில் படம் காட்டும் கார்டை இயக்கும் மென்பொருளோடு, வருபவை. அந்தக் கார்டு தயாரித்தவர் தளத்திலிருந்து டிரைவரைப் போட வேண்டும், அவ்வளவுதான். என்விகூடா மட்டும் என்விடியா கார்டு இருந்தால்தான் வரும். அது இல்லாத கணினியில் எத்தனை முறை தேடினாலும் பயனில்லை.

இது எதிலும் சேராத பெயராக இருந்தால், அந்த மென்பொருளின் சொந்தத் துண்டாக இருக்க வாய்ப்பு அதிகம். அப்போது பெட்டி சொல்வதையே கேட்டு, மென்பொருளை அன்இன்ஸ்டால் செய்துவிட்டு அசல் செட்டப்பிலிருந்து மறுபடி போடுங்கள். அதற்கு முன் ஆன்டிவைரஸ் தூக்கிவிட்டதா என்றும் பாருங்கள். விண்டோஸ் செக்யூரிட்டியைத் திறந்து, வைரஸ் பாதுகாப்புப் பகுதியில் புரொட்டக்ஷன் ஹிஸ்டரி என்று இருக்கும். அங்கே அந்த ஃபைலின் பெயர் தெரிந்தால் கதை விளங்கிவிடும். காசு கொடுக்காமல் பூட்டு உடைத்த மென்பொருளாக இருந்து ஆன்டிவைரஸ் பிடித்திருந்தால், அதை மீட்டெடுக்காதீர்கள். அது தன் வேலையைத்தான் செய்திருக்கிறது.

32ஆ, 64ஆ?

செட்டிங்ஸ், சிஸ்டம், அபௌட் என்று போனால் சிஸ்டம் டைப் என்ற வரி இருக்கும். அதில் உங்கள் விண்டோஸ் 32 பிட்டா 64 பிட்டா (கணினி ஒரே மூச்சில் எவ்வளவு பெரிய எண்ணைக் கையாளும் என்பதன் அளவு அது) என்று தெரியும். விண்டோஸ் 11 என்றால் பார்க்கவே வேண்டாம், அதில் 32 பிட் பதிப்பே கிடையாது.

தொகுப்பை டவுன்லோடு செய்யப் போனால் எக்ஸ்64, எக்ஸ்86 என்று இரண்டு இருக்கும். 86 பெரிய எண்ணாக இருக்கிறதே, அதுதான் புதுசு, அதுதான் நல்லது என்று எடுத்துவிடுவார்கள். தலைகீழ். இன்டெல் 1978இல் கொண்டுவந்த 8086 என்ற சிப்பின் வால் அந்த 86. அந்தப் பரம்பரையின் 32 பிட் வகைக்கு எக்ஸ்86 என்ற பெயர் நிலைத்துவிட்டது. எக்ஸ்64 என்பதுதான் 64 பிட்.

எதைப் போடுவது? உங்கள் விண்டோஸ் 64 பிட் என்றால் இரண்டையும் போடுங்கள். தொகுப்பு எதுவாக இருக்க வேண்டும் என்பதை மென்பொருள்தான் தீர்மானிக்கிறது, விண்டோஸ் இல்லை. 64 பிட் விண்டோஸில் ஓடும் 32 பிட் மென்பொருளுக்கு 32 பிட் டிஎல்எல்தான் வேண்டும். இரண்டும் ஒன்றையொன்று தொந்தரவு செய்யாது. விண்டோஸ் 32 பிட் என்றால் எக்ஸ்86 மட்டும் போதும்.

இதே குழப்பத்தின் இன்னொரு முகம் ஃபோல்டர் பெயரில். 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்ற ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் ஃபைல்கள். 32 பிட் ஃபைல்கள் இருப்பது சிஸ்வாவ்64 என்ற ஃபோல்டரில்! எழுத்துப் பிழை இல்லை, உண்மையே அதுதான். பழைய நிரல்கள் பலவற்றில் சிஸ்டம்32 என்ற பாதை அப்படியே எழுதப்பட்டிருந்ததால் அந்தப் பெயரை மாற்றாமல் விட்டார்கள். வாவ்64 என்பது 64 பிட் விண்டோஸுக்குள் 32 பிட் விண்டோஸ் ஓடுவதைக் குறிக்கும் சுருக்கம். பெயரை நம்பி ஃபைலை மாற்றிப் போட்டவர்கள் ஏராளம். என் அண்ணன் மகளும் அதில் ஒருத்தி. டவுன்லோடு செய்த 32 பிட் ஃபைலைச் சிஸ்டம்32இல் போட்டிருந்தாள், அவள் மென்பொருளோ 64 பிட். அதனால்தான் இரண்டாவது பெட்டி வந்தது. அதில் 0எக்ஸ்சி000007பி என்ற பிழை எண். இந்த எண்ணைப் பார்த்தாலே 32ம் 64ம் எங்கோ கலந்துவிட்டன என்று முதலில் சந்தேகப்படலாம்.

இன்ஸ்டால் செய்வது

அவளை முதலில் பழையதைச் சுத்தம் செய்ய வைத்தேன். சிஸ்டம்32இல் அவள் கொண்டுவந்து போட்ட அந்த ஒரே ஃபைலை மட்டும் நீக்கினாள். அங்கே ஏற்கெனவே அந்தப் பெயரில் ஃபைல் இருந்து, அதன் மேல் இதைப் போட்டிருந்தாலும் பரவாயில்லை, தொகுப்பு புதிதாக வைத்துவிடும். ஆனால் போலி ஃபைல் அங்கேயே உட்கார்ந்திருந்தால், அதன் பதிப்பு எண் பெரியதாகத் தெரிந்து இன்ஸ்டாலர் அதை மாற்றாமல் விட்டுவிடக்கூடும். அதனால்தான் நீக்கல் முதலில். பிறகு ஆன்டிவைரஸில் ஒரு முழு ஸ்கேன்.

அடுத்து, பிரவுசரில் விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் என்று தேடுங்கள். முகவரிப் பட்டையில் (ஹெச்டிடிபிஎஸ் பகுதி தெரிந்தால் அதை விட்டுவிட்டு) முதல் சாய்கோட்டுக்கு முன்னால், லேர்ன் டாட் மைக்ரோசாஃப்ட் டாட் காம் மாதிரி, ஒரு புள்ளிக்கு அடுத்து மைக்ரோசாஃப்ட் டாட் காம் என்று முடிகிறதா என்று பாருங்கள். மைக்ரோசாஃப்ட் என்ற சொல் முகவரியில் எங்கோ ஓரிடத்தில் இருந்தால் போதாது, அந்த இடத்தில் இருக்க வேண்டும். விளம்பரமாக மேலே வரும் இணைப்பைத் தொடாதீர்கள். பக்கத்தில் எக்ஸ்86, எக்ஸ்64 இரண்டும் இருக்கும். ஏஆர்எம்64 என்று இன்னொன்றும் இருக்கும், அது ஏஆர்எம் சிப் போட்ட கணினிகளுக்கு. விசி_ரீடிஸ்ட் என்று தொடங்கும் இரண்டு ஃபைல் வரும்.

திறப்பதற்கு முன் ஒரு நிமிடம். ஃபைல் மேல் வலது கிளிக் செய்து பிராப்பர்ட்டீஸ் போங்கள். டிஜிட்டல் சிக்னேச்சர்ஸ் என்ற தாவலில் கையெழுத்திட்டவர் மைக்ரோசாஃப்ட் கார்ப்பரேஷன் என்று இருக்க வேண்டும். அந்தத் தாவலே இல்லையென்றால் ஃபைலைத் தூக்கிப் போடுங்கள். இந்தப் பழக்கம் வந்துவிட்டால் எந்த செட்டப் ஃபைலுக்கும் உதவும்.

இப்போது திறந்து, நிபந்தனைகளை ஏற்கிறேன் என்பதற்கு டிக் போட்டு இன்ஸ்டால் அமுக்குங்கள். அனுமதி கேட்டால் யெஸ். ஒரு நிமிடம்கூட ஆகாது. ஏற்கெனவே இருந்தால் இன்ஸ்டாலுக்குப் பதில் ரிப்பேர், அன்இன்ஸ்டால் என்று இரண்டு பட்டன் காட்டும். ரிப்பேர் அமுக்குங்கள்; கெட்டுப்போன துண்டுகளை அது திரும்ப வைக்கும். 0எக்ஸ்80070666 என்ற எண்ணோடு நின்றுவிட்டால் பயப்பட வேண்டாம். நீங்கள் போடுவதைவிடப் புதிய பதிப்பு ஏற்கெனவே இருக்கிறது என்று அர்த்தம். மென்பொருள் பட்டியலில் அந்தப் புதியதைத் தேடி அதையே ரிப்பேர் செய்யுங்கள். இரண்டும் முடிந்ததும் கணினியை ரீஸ்டார்ட் செய்யுங்கள். ஷட் டவுன் செய்து திறப்பது அதே ஆகாது. விண்டோஸின் வேகத் தொடக்க வசதி இருந்தால் ஷட் டவுன் முழுதாக அணைப்பதில்லை, ரீஸ்டார்ட்தான் முழுதாகத் தொடங்கும்.

டைரக்ட்எக்ஸ் 2010 ஜூன் தொகுப்பில் ஒரு பொறி இருக்கிறது. சுமார் 95 எம்பி ஃபைல். திறந்தால் எந்த ஃபோல்டரில் வைக்கட்டும் என்று கேட்கும். டெஸ்க்டாப்பில் காலி ஃபோல்டர் ஒன்றை உருவாக்கி அதைக் காட்டுங்கள். கடகடவென்று ஃபைல்களை விரித்துப் போட்டுவிட்டு, சத்தமில்லாமல் மூடிக்கொள்ளும். இன்ஸ்டால் ஆகிவிட்டது என்று நினைத்து நிறையப் பேர் இங்கேயே நிறுத்திவிடுகிறார்கள். மூட்டை அவிழ்ந்திருக்கிறது, அவ்வளவுதான். அந்த ஃபோல்டருக்குள் போய் டிஎக்ஸ்செட்டப் என்ற ஃபைலைத் தேடித் திறந்தால்தான் உண்மையான இன்ஸ்டால் நடக்கும். முடிந்ததும் அந்த ஃபோல்டரை நீக்கிவிடலாம்.

கையால் ஃபைல் வைக்க வேண்டிய இடங்கள்

ஒற்றை ஃபைலைக் கையால் வைப்பதே தப்பு என்று சொல்லவில்லை. மென்பொருளை எழுதியவரே "இந்த டிஎல்எல்லை மாற்றுங்கள்" என்று அனுப்பினால் வைத்துத்தான் ஆக வேண்டும். அப்படி வைக்கும்போது சிஸ்டம்32 பக்கம் போகாதீர்கள். மென்பொருளின் குறுக்குவழி ஐகான் மேல் வலது கிளிக் செய்து ஓப்பன் ஃபைல் லொக்கேஷன் கொடுங்கள். மென்பொருளை ஓட்டும் இஎக்ஸ்இ ஃபைல் இருக்கும் அதே ஃபோல்டரில் வையுங்கள். ஒரு மென்பொருள் டிஎல்எல்லைத் தேடும்போது வழக்கமாகத் தான் இருக்கும் ஃபோல்டரில்தான் முதலில் பார்க்கும், சிஸ்டம்32 அடுத்துதான். பக்கத்தில் வைத்தால் பாதிப்பு அந்த ஒரு மென்பொருளோடு நிற்கும், வேண்டாமென்றால் நீக்குவதும் சுலபம்.

அதே பெயரில் ஏற்கெனவே ஃபைல் இருந்தால் மேலே ஒட்டாதீர்கள். பழையதன் பெயருக்குப் பின்னால் "ஓல்ட்" என்று சேர்த்து வைத்துவிட்டுப் புதியதைப் போடுங்கள். மின்னஞ்சலிலோ இணையத்திலோ வந்த ஃபைல் என்றால் பிராப்பர்ட்டீஸின் முதல் தாவலில் கீழே அன்பிளாக் என்று ஒரு கட்டம் இருக்கலாம், அதற்கு டிக் போடுங்கள்.

கடைகளில் இன்னும் ஓடிக்கொண்டிருக்கும் பழைய பில்லிங் மென்பொருள்கள் சில 1998இல் வந்த விஷுவல் பேசிக் 6இல் எழுதப்பட்டவை. புதுக் கணினிக்கு மாற்றினால் எம்எஸ்காம்சிடிஎல்.ஓசிஎக்ஸ் சரியாகப் பதிவாகவில்லை என்று நின்றுவிடும். ஓசிஎக்ஸும் டிஎல்எல்லின் பங்காளிதான், ஆனால் அது ஃபோல்டரில் இருந்தால் மட்டும் போதாது, விண்டோஸின் பதிவேட்டில் அதன் பெயர் ஏற வேண்டும். மென்பொருளின் அசல் செட்டப் சிடி இருந்தால் அதை ஓட்டுவதே மேல், எல்லாவற்றையும் அதுவே செய்துவிடும். இல்லையென்றால், பழைய கணினியின் சிஸ்வாவ்64 ஃபோல்டரில் இருந்து (அது 32 பிட் விண்டோஸ் என்றால் சிஸ்டம்32இல் இருந்து) ஃபைலை எடுத்து, புதியதன் சிஸ்வாவ்64இல் வையுங்கள். இதற்கு மட்டும் விதிவிலக்கு. ஸ்டார்ட் மெனுவில் சிஎம்டி என்று தட்டி, வலது கிளிக் செய்து ரன் அஸ் அட்மினிஸ்ட்ரேட்டர் கொடுங்கள். கறுப்புத் திரையில் சிடி, இடைவெளி, சி, முக்காற்புள்ளி, பின்சாய்கோடு, விண்டோஸ், பின்சாய்கோடு, சிஸ்வாவ்64 என்று அடித்து என்டர். அப்புறம் ரெக்எஸ்விஆர்32, இடைவெளி, ஃபைலின் முழுப்பெயர், என்டர். சக்சீடட் என்று பெட்டி வந்தால் பதிவு ஆகிவிட்டது. நினைவில் வைத்துக்கொள்ள ஒன்று: எல்லா டிஎல்எல்லையும் இப்படிப் பதிய வேண்டியதில்லை. எம்எஸ்விசிபி140ஐப் பதியப் பார்த்தால் நுழைவாயில் இல்லை என்று பிழை வரும். அது குறையில்லை, அந்த வகை ஃபைலுக்குப் பதிவே கிடையாது.

இன்னும் திறக்கவில்லையா

பெட்டி ஃபைலைக் காணோம் என்று சொல்லாமல், கெர்னல்32.டிஎல்எல்லில் ஏதோ ஒரு என்ட்ரி பாயின்ட் கிடைக்கவில்லை என்று சொன்னால், ஃபைல் இருக்கிறது, ஆனால் அந்த மென்பொருள் எதிர்பார்க்கும் வசதி அதில் இல்லை என்று பொருள். பெரும்பாலும் உங்கள் விண்டோஸைவிட மென்பொருள் புதியது. கெர்னல்32, என்டிடிஎல்எல், யூசர்32 இவை விண்டோஸின் முதுகெலும்பு. வேறு கணினியிலிருந்து கொண்டுவந்து மாற்றினால் கணினி திறக்காமலே போகலாம். அந்த மென்பொருளின் பழைய பதிப்பைத் தேடுங்கள், அல்லது விண்டோஸை மாற்றுங்கள்.

சைட் பை சைட் கான்ஃபிகரேஷன் தவறு என்று வந்தால் விஷுவல் சி பிளஸ் பிளஸ் 2005, 2008 தொகுப்புகளைப் போட்டுப் பாருங்கள், அநேகமாக அதில் தீரும்.

விண்டோஸின் சொந்த ஃபைல்களே சிதைந்திருக்கும் என்று தோன்றினால், அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்த அதே கறுப்புத் திரையில் இரண்டு கட்டளை. முதலில் டிஐஎஸ்எம், இடைவெளி, சாய்கோடு ஆன்லைன், இடைவெளி, சாய்கோடு கிளீனப் ஹைஃபன் இமேஜ், இடைவெளி, சாய்கோடு ரீஸ்டோர்ஹெல்த். ரீஸ்டோரும் ஹெல்த்தும் ஒட்டி வர வேண்டும். இதற்கு இணைய இணைப்பு தேவைப்படும். நடுவில் ஒரு சதவீதத்தில் பத்து நிமிடம் அசையாமல் நிற்கும், மூடிவிடாதீர்கள். அது முடிந்ததும் எஸ்எஃப்சி, இடைவெளி, சாய்கோடு ஸ்கேன்நௌ. இவை விண்டோஸின் ஃபைல்களை மட்டும் சரிசெய்யும். விஷுவல் சி பிளஸ் பிளஸ் தொகுப்பு இல்லாத குறையை இவை தீர்க்காது. எந்த டிஎல்எல் பிரச்சினைக்கும் முதலில் இந்தக் கட்டளைகளை ஓட்டச் சொல்பவர்களைப் பார்த்தால் எனக்கு எரிச்சலாக வரும், அரை மணி நேரம் வீணாகிறது.

திருச்சிக் கணினி ரீஸ்டார்ட் ஆகி வந்தபோது மணி பதினொன்றே கால். மென்பொருள் திறந்தது. "வந்துருச்சு சித்தப்பா!" என்றாள். அப்புறம் கொஞ்சம் குரலைத் தாழ்த்தி, "பக்கத்து ரூம்லயும் ரெண்டு பேருக்கு இதே பெட்டி வருதாம். உங்க நம்பரைக் குடுத்துட்டேன்."